பெட்டிக்குள் வெறும் நெற்றி

பெட்டியில் என் முகம் வந்ததும் எல்லாரும் கை தட்டுவார்கள் என்று நினைத்திருந்தேன். ஒருவரும் தட்டவில்லை.

பள்ளிக்கூடத்து ஓலைக் கொட்டகையில் எங்கள் குப்பமே உட்கார்ந்திருந்தது. முன்னால் பிள்ளைகள், நடுவில் பெண்டுகள், சுவரோரம் பீடியோடு ஆண்கள். அரசாங்கம் கொடுத்த டெலிவிஷன் பெட்டி மேசை மேல். சவுக்குக் கழியில் கட்டிய ஏரியலை வெளியே ஒருத்தர் பிடித்துத் திருப்பிக்கொண்டிருந்தார்.

"தெரிதா?"

"புள்ளி புள்ளியா கீது அண்ணாத்த. இன்னும் கொஞ்சம் வடக்கால திருப்பு."

புள்ளிகள் அடங்கின. கடற்கரைக் கோயில் வந்தது. கோயிலுக்கு முன்னால் நான் வந்தேன்.

கொட்டகையில் சத்தம் நின்றது. பெட்டிக்குள் இருந்த நான் மட்டும் பேசிக்கொண்டிருந்தேன். பெஞ்சு ஓரத்தில் உட்கார்ந்திருந்த எனக்குக் கால் விரலிலிருந்து குளிர் ஏறியது. ஏனென்றால் பெட்டிக்குள் இருந்தவளுக்கு நெற்றியில் பொட்டு இல்லை. கையில் வளையல் இல்லை. கழுத்தில் ஒன்றும் தெரியவில்லை. புடவைத் தலைப்பைத் தோளைச் சுற்றி இழுத்துப் போர்த்திக்கொண்டு நின்றாள்.

என் வீட்டுக்காரர் ஏழுமலை அன்றைக்கு விடியலில் கட்டுமரம் தள்ளிக்கொண்டு கடலுக்குப் போனவர். உச்சிவேளைக்குள் கரையேறியிருக்க வேண்டும். விளக்கு வைத்த பிறகும் வரவில்லை.

சிப்பி மாலை விற்ற வாய்

மெட்ராஸில் டெலிவிஷன் வந்து இரண்டு மூன்று வருஷம் ஆகியிருக்கும். அதற்கு முன்னால் நான் மகாபலிபுரத்தில் கோயிலுக்குப் போகும் மணல் பாதையில் சிப்பி மாலையும் சங்கும் விற்றவள். இதை முன்னேயும் சொல்லி எழுதவைத்திருக்கிறேன். புதிதாகப் படிப்பவர்களுக்காக மறுபடி ஒரு வாய் சொல்லிவிடுகிறேன்.

என் குரலைப் பற்றி நானே பெருமை பேசுவதில் எனக்குக் கூச்சம் கிடையாது. காற்றுக்கு எதிரே நின்று கூப்பிட்டாலும் அலைக்கு அந்தப் பக்கம் இருக்கும் கட்டுமரத்துக்குக் கேட்கும். மெட்ராஸ் டெலிவிஷன் நிலையத்திலிருந்து படம் பிடிக்க வந்தவர்களில் பெரியவர் சுந்தரேசன் சார். நான் ஒரு வடநாட்டுக் கும்பலிடம் யானைப் பாறையைக் காட்டிப் பேசி மாலையை அவர்கள் கழுத்தில் போட்டுவிட்டதை நின்று பார்த்தார். "அந்தம்மா பேசட்டும்" என்றார். அப்படித்தான் ஆரம்பம்.

மூன்றாம் வகுப்போடு என் படிப்பு நின்றது. எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். அதனால் ஓர் ஏற்பாடு செய்தார்கள். வசந்தா என்று ஒரு பெண், படித்த பெண், நிலையத்தில் வேலை. புத்தகங்களில் இருக்கும் விஷயத்தை அவள் எனக்கு இரண்டு தரம் வாசித்துக் காட்டுவாள். பிறகு நான் என் வாய்ப்படி பேசுவேன். தகப்பன் ராஜா செய்ததை மகன் ராஜா தலையில் கட்டிவிடுவேன். வசந்தா கையைத் தூக்குவாள். சார், "மறுபடி" என்பார். மறுபடி பேசுவேன். ஒருநாளும் எனக்கு அதில் வெட்கம் வந்ததில்லை. தப்பினால் வலையை மறுபடி வீசுகிற குலத்தில் பிறந்தவள் நான்.

பிற்பாடு திருப்போரூர் முருகன், திருக்கழுக்குன்றத்துக் கழுகு, சட்ராஸ் கோட்டைச் சமாதிகள் என்று எத்தனையோ பேசினேன். செங்கல்பட்டுக் கடைத்தெருவில், "டிவி அம்மா போவுது பாரு" என்று சொல்லுமளவு முகம் பழகிப்போனது. ஆனால் முதலில் பெட்டியில் வந்தது இந்தக் கடற்கரைக் கோயில்தான். அதைத்தான் நான் நிம்மதியாகப் பார்க்கவில்லை.

கறுப்பா, சிவப்பா

படம் பிடித்தது பெட்டியில் வருவதற்கு ஒரு மாதம் முன்னால். அன்றைக்கு வெயில் மணலைப் பொரித்தது. கோயில் மதிலோர நிழலில் என்னை நாற்காலியில் உட்காரவைத்து முகத்துக்குப் பூச்சு போட்டார் ஒரு நாயுடு. மேக்கப் நாயுடு என்றே கூப்பிடுவார்கள். சினிமாக் கம்பெனிகளில் இருந்தவராம். பேச்சு எல்லாம் நக்கல்.

முதலில் மூக்குத்தியைப் பார்த்தார். "இது லைட்டு மாதிரி அடிக்கும்மா" என்று மேலே மெழுகு தடவினார். போகட்டும் என்று விட்டேன்.

அடுத்து, சத்தம் பிடிக்கிறவர் வந்தார். நான் கையை ஆட்டிப் பேசுகிறவள். கண்ணாடி வளையல் குலுங்குவது அவர் காதில் கல்லு மாதிரி விழுகிறதாம். கழற்று என்றார். மாட்டேன் என்றேன். கடைசியில் வளையல்களை முழங்கை வரை தள்ளி, கைக்குட்டையால் இறுக்கிக் கட்டி, நீண்ட ரவிக்கைக் கைக்குள் மறைத்தோம். கையிலிருந்து கழற்றவில்லை அல்லவா, அந்தமட்டும் திருப்தி.

தாலி மஞ்சள் கயிறு. அது எப்போதும் ரவிக்கைக்குள்தான் கிடக்கும்.

கடைசியாக நாயுடு என் நெற்றியைப் பார்த்தார். காலையில் கன்னியம்மன் கோயிலில் வைத்த குங்குமம், எட்டணா அளவு.

"இத்த அழிச்சிட்டு கறுப்புச் சாந்து வைக்கணும்மா" என்றார்.

"எதுக்கு?"

"உன் நிறத்துல செவப்பு நிக்காது. பொட்டியில எல்லாம் கறுப்பு வெளுப்புதானே. உன் தோலும் குங்குமமும் ஒரே சாம்பலா பூடும். கறுப்பு வெச்சாத்தான் பொட்டுன்னு ஒண்ணு கீதுன்னு தெரியும்."

"எந்தூட்டுக்காரரு கடல்ல கீறாரு" என்றேன்.

அவருக்கு விளங்கவில்லை. "கடல்ல இருந்தா இன்னா, ரயில்ல இருந்தா இன்னா? நான் பொட்டப் பத்திப் பேசிகினு கீறேன்."

"நானும் அத்தத்தான் பேசறேன்."

எங்கள் வழக்கம் அவருக்கு எப்படித் தெரியும்? எங்கள் குப்பத்தில் ஆம்பிளை மரத்தைத் தண்ணீரில் தள்ளியது முதல் கரையில் கால் வைக்கும் வரை பெண்டாட்டி நெற்றியில் அம்மன் குங்குமம் தவிர வேறொன்றும் ஏறக்கூடாது. சாந்தும் மையும் குழந்தைக்குத் திருஷ்டி கழிக்க. வயசுக்கு வராத பெண் அழகுக்கு வைத்துக்கொள்ள. கடலில் புருஷன் இருக்கிறவள் நெற்றியில் கறுப்பு வைப்பது, நடுக்கடலில் இருக்கிறவன் கண்ணைக் கட்டுவது மாதிரி.

நாயுடு சாரைக் கூப்பிட்டார். சார் வானத்தைப் பார்த்தார். வெயில் உச்சிக்கு ஏறிக்கொண்டிருந்தது. "சொல்றத கேளுங்கம்மா, படத்துல தெரியாது" என்று அவரும் ஒரு தரம் சொன்னார்.

"கண்ணுக்குத் தெரிறது பொட்டிக்கு மட்டும் எப்டி சார் தெரியாம பூடும்?" என்றேன்.

நாயுடு சிரித்தார். "பொட்டிக்கு உன் சாமி தெரியாதும்மா. அப்பறம் என்னத் திட்டாத." சாந்துக் குப்பியை மூடிப் பைக்குள் போட்டார்.

நான் ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். கோயில் முன்னால் போய் நின்றேன். கடல் காற்று தலைப்பைப் பிடுங்கியது. பறக்காமல் இருக்கத் தோளைச் சுற்றி இழுத்துப் போர்த்திக்கொண்டேன். பேசினேன். அன்றைக்கு என் வாய் அப்படி ஓடியது. கல் மேல் உட்கார்ந்திருந்த காக்கைகூடக் கேட்டது என்று வசந்தா சொன்னாள்.

அம்மா நெற்றியைப் பொத்திக்கொண்டு ஓடியது

இதை மூடத்தனம் என்று சொல்கிறவர்கள் சொல்லட்டும். கரையில் உட்கார்ந்து தண்ணீரைப் பார்த்துக் காத்திருந்தவர்களுக்குத்தான் அது தெரியும். மேட்டு ஊர்க்காரனுக்கு மழை பெய்யுமா என்றுதான் கவலை. எங்களுக்கு ஆள் வருமா என்று.

நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது அம்மாவோடு மீன் கூடை தூக்கிக்கொண்டு திருப்போரூர் சந்தைக்குப் போவேன். ஒரு கிருத்திகைக் கூட்டம். தலையில் இருந்த கூடைத் தண்ணீர் வழிந்து அம்மாவின் நெற்றியில் இறங்கிவிட்டது. அம்மாவுக்குத் தெரியாது. எதிரே வந்த எங்கள் ஊர்ப் பெண்ணொருத்தி பார்த்துவிட்டாள். "அடிப்பாவி, உன் நெத்தி" என்றாள், அவ்வளவுதான்.

அம்மா கூடையை அங்கேயே வைத்தாள். வலது கையால் நெற்றியைப் பொத்திக்கொண்டாள். அப்படியே நடந்தாள், பிறகு ஓடினாள். என்னை இடது கையால் பிடித்திருந்தாள். அந்தப் பிடியில் என் மணிக்கட்டு சிவந்துபோனது. வழியில் யாரோ தலைவலியா என்று கேட்டார்கள். அம்மா நிற்கவில்லை. அம்மன் கோயில் வாசலில்தான் கையை எடுத்தாள்.

அன்றைக்கு அப்பா எப்போதும் போல் வந்தார். அரைக்கூடை மீனோடு வந்து, சோறு இல்லையா என்று சத்தம் போட்டார். அம்மா அவரைத் திட்டிக்கொண்டே அழுதாள். ஒன்றும் நடக்கவில்லை. ஆனால் ஓடும்போது அம்மா பிடித்த பிடி இன்னும் என் மணிக்கட்டில் இருக்கிறது.

யார் அணைப்பது

மறுபடி கொட்டகைக்கு வருகிறேன்.

எங்கள் வீட்டுக்காரர் வரவில்லை என்று தெரிந்தே ஏன் டெலிவிஷன் பார்க்கப் போனாய் என்று கேட்பீர்கள். ஐப்பசிக் கடைசி. மத்தியானத்துக்கு மேல் வாடைக்காற்று எழும்பியிருந்தது. காற்று மாறினால் மரங்கள் தெற்கே சட்ராஸில் ஒதுங்கிவிட்டு மறுநாள் வருவது உண்டு. மற்ற மரங்கள் எல்லாம் வந்துவிட்டன. இவரும் இவருடைய கூட்டாளி முனுசாமியும் போன மரம் மட்டும் பாக்கி.

"அங்கதான் குந்திகினு இருப்பானுங்க, கள்ளு குடிச்சிகினு" என்று ஆண்கள் சிரித்தார்கள். முனுசாமியின் பெண்டாட்டி பட்டம்மாவும் சிரித்தாள். என் மாமியார்தான், "வா, உன் மூஞ்சியப் பாத்துட்டு வந்துடலாம். குந்திகினு கடலப் பாத்தா மட்டும் சீக்கிரம் வந்துடுவானா?" என்று கையைப் பிடித்து அழைத்துப்போனார். அவருக்குத்தான் என் பேச்சில் கர்வம் அதிகம். வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்டு முன் வரிசைக்குப் பின்னால் இடம் பிடித்தார்.

பெட்டியில் நான் தெரிந்ததும் அவர் மெல்லுவதை நிறுத்தினார்.

"இன்னாமே இது" என்றார். என்னைப் பார்க்கவில்லை. பெட்டியைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

அந்த நேரம் பார்த்துப் பெட்டிக்குள் இருந்தவள் கையை நீட்டிக் கடலைக் காட்டினாள். வெறும் மணிக்கட்டு. "இங்கே ஏழு கோயில் இருந்ததாகச் சொல்லுவாங்க. ஆறைக் கடல் எடுத்துக்கிச்சு. இந்தக் கடல் எடுத்தா எடுத்ததுதான். எதையும் திருப்பிக் கொடுத்ததில்லே" என்றாள்.

அந்தக் கடைசி வார்த்தைகள் வசந்தா வாசித்ததில் இல்லை. நானாகச் சேர்த்தது. சார் ரொம்ப நன்றாயிருக்கிறது என்று சொன்னது.

பட்டம்மா எழுந்து நின்றாள்.

"உன் பொட்ட நீயே அழிச்சிகினு, எம்புருசனயும் கூட இட்டுகினு போறியா?" என்றாள். கத்தவில்லை. மெதுவாகத்தான் கேட்டாள்.

"அழிக்கலடி. பாரு, இங்க கீது" என்று என் நெற்றியை அரிக்கேன் வெளிச்சத்துக்குக் காட்டினேன்.

"அங்க இல்லியே" என்று பெட்டியைக் காட்டினாள்.

நாயுடு சொன்னது அப்போதுதான் எனக்கு விளங்கியது. கறுப்பு வைத்திருந்தால் தெரிந்திருக்கும். கூடாது என்று காத்த குங்குமம்தான் என்னை இப்படிக் காட்டிக்கொடுத்தது. பெஞ்சு விளிம்பைப் பிடித்துக்கொண்டேன்.

"நிறுத்துங்கடா அத்த" என்றார் மாமியார்.

ஓர் ஆள் எழுந்து பெட்டிப் பக்கம் போனார். திருகு மேல் கை வைத்தவர் அப்படியே நின்றுவிட்டார். திரும்பிப் பார்த்தார். "நான் அணைக்க மாட்டேன்" என்றார்.

கொட்டகையில் எல்லாருக்கும் அவர் சொன்னது புரிந்தது. எரிகிற விளக்கை வாயால் ஊதி அணைக்காதவர்கள் நாங்கள். கடலில் ஆள் இருக்கும்போது, எதிரே ஒருத்தியின் முகம் வெளிச்சமாக நிற்கும்போது, அதை அணைப்பது யார் கை? இன்னொருவர், "வாணாம், தானா முடியட்டும்" என்றார். அவரும் வரவில்லை. ஊர்த் தலைவரும் வரவில்லை.

அதனால் நாங்கள் அத்தனை பேரும் உட்கார்ந்து அதை முழுக்கப் பார்த்தோம். நான் பாறையைப் பற்றிப் பேசினேன், தேரைப் பற்றிப் பேசினேன், உளி பிடித்தவர்களைப் பற்றிப் பேசினேன். எந்த வார்த்தையும் யார் காதிலும் ஏறவில்லை. எல்லாருடைய கண்ணும் அந்த நெற்றியில். பிள்ளைகள்கூட அசையவில்லை. நானே என்னைப் பார்த்து, போடி, போய்த் தொலை என்று மனசுக்குள் கெஞ்சினேன். அவள் போவதாக இல்லை. வெளியே காற்று ஓலையைப் பிரித்தது. ஒவ்வொரு தரம் படம் நடுங்கும்போதும், அணைந்துவிடாதே என்றும் கெஞ்சினேன்.

கடைசியில் ஒரு வீணைச் சத்தம் கேட்டது. வேறு முகம் வந்து செய்தி வாசித்தது. ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். என் பக்கத்தில் வராமல், சுவரோரமாக.

வாடை

மாமியார் வீட்டுக்கு வந்ததும் குங்குமத் தட்டை எடுத்தார். என் நெற்றியில் இருந்ததன் மேலேயே அள்ளி வைத்தார். மூக்கு மேல் கொட்டியது. முழங்கையில் கட்டி மறைத்த வளையல் கதையைச் சொன்னேன். கேட்டாரா தெரியவில்லை. "அவன் வருவான், அவன் வருவான்" என்று சொல்லிக்கொண்டு விரலை என் நெற்றியில் அழுத்திக்கொண்டே இருந்தார். அவர் விரல் கனத்தது. என்னை அடித்திருந்தால்கூட இவ்வளவு பயந்திருக்க மாட்டேன்.

மறுநாள் கடல் பழுப்பாக எழுந்தது. மரம் எதுவும் இறங்க முடியாது. தலைவர் ஓர் ஆளைக் கோவளத்துக்கும் ஓர் ஆளைச் சட்ராஸுக்கும் சைக்கிளில் அனுப்பினார். கோவளத்தில் யாரும் ஒதுங்கவில்லை. சட்ராஸ் போனவர் மத்தியானம் திரும்பினார். சைக்கிளை விட்டு இறங்காமல், காலை ஊன்றிக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினார். அங்கும் இல்லை.

அதற்குப் பிறகு யாரும் கள்ளு என்று பேசவில்லை.

மணலில் உட்கார்ந்தேன். பட்டம்மா என்னிடமிருந்து பத்தடி தள்ளி உட்கார்ந்தாள். எங்கள் இருவருக்கும் நடுவில் மாமியார். மழை வந்தது, போனது. ஈரத் துணி உடம்பிலேயே காய்ந்தது. யார் வீட்டிலோ கருவாடு சுடும் வாசனை வந்தபோது தலைப்பால் மூக்கை மூடிக்கொண்டேன். அலை ஒரு கட்டையைப் புரட்டிக்கொண்டு வந்தால் மூவரும் ஒன்றாக எழுந்து நிற்போம். வெறும் கட்டை. மூவரும் உட்காருவோம்.

வெறுமனே உட்கார்ந்திருந்தால் புத்தி சும்மா இருக்குமா? பெட்டி முன்பே தெரிந்துகொண்டதோ என்று ஓடியது. ஒரு மாதம் முன்னால் கல்லையும் மணலையும் காட்டப் பிடித்த படம், இன்றைக்கு நடக்கப்போவதை அன்றைக்கே எழுதி வைத்துக்கொண்டதோ. இல்லை, என் வாய்தான் கூப்பிட்டதோ. கடல் காதுக்கு எதிரே நின்று, எடுத்தால் எடுத்ததுதான் என்று நான் ஏன் சொன்னேன்? யார் சொல்லச் சொன்னது?

சாயங்காலம் நிலையத்து ஜீப் வந்தது. வசந்தா குதித்து இறங்கினாள், முகமெல்லாம் சிரிப்பு. "கன்னியம்மா, எல்லாரும் உங்களைத்தான் கேக்கறாங்க. அடுத்தது திருப்போரூர் பண்ணலாம்னு சார்..." அருகே வந்தவள் எங்களைப் பார்த்ததும் பேச்சை நிறுத்தினாள். மாமியார் நிமிர்ந்து பார்த்தார்.

"போம்மா. இவ இனிமே பேச மாட்டா" என்றார். கோபமில்லாமல், பேருந்து போய்விட்டது என்று சொல்வதுபோலச் சொன்னார்.

நான் மறுத்துப் பேசவில்லை. என் ஆயுசில் ஒருத்தர் என் வாயை மூடி நான் சும்மா இருந்தது அந்த ஒரு தரம். திருப்போரூர் முருகனிடம் மனசுக்குள் சொன்னேன், உன்னைப் பற்றியும் பேச மாட்டேன், எந்தக் கல்லைப் பற்றியும் பேச மாட்டேன், ஆளை மட்டும் கொடு என்று. வசந்தா செருப்பைக் கழற்றிவிட்டு எங்களோடு மணலில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு டிரைவர் ஹாரன் அடித்தார். போனாள்.

இருட்டு எப்படிக் கழிந்தது என்று சொல்ல எனக்கு இஷ்டமில்லை.

விடிந்தது. காற்று விட்டிருந்தது. தலைவர் நான்கு மரங்களைத் தெற்கே அனுப்பினார். குப்பமே கரைக்கு வந்துவிட்டது. பெண்டுகள் வரிசையாக நின்றார்கள். சிலர் என்னைப் பார்க்கும்போது முகத்தைப் பார்க்காமல் கழுத்தைப் பார்த்தார்கள். அந்தப் பார்வை எனக்குத் தெரியும். வேறொருத்திக்கு நடந்தபோது நானும் அப்படிப் பார்த்திருக்கிறேன். தாலிக் கயிற்றைக் கைக்குள் பொத்திக்கொண்டேன்.

வெயில் ஏறியது. போன மரங்களின் பாய்கள் சின்னதாகித் தெரியாமல் போயின. எல்லாரும் கையை நெற்றிக்கு மேல் வைத்துத் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

அப்போது முதுகுக்குப் பின்னால், சவுக்குத் தோப்புப் பக்கமிருந்து ஒரு குரல்:

"இன்னா அல்லாரும் கடலயே பாத்துகினு கீறீங்க? யாரு வரணும்?"

திரும்பினோம். பேருந்து ரோட்டிலிருந்து வருகிற பாதையில் ஏழுமலை நின்றுகொண்டிருந்தார். யாருடையதோ கட்டம் போட்ட லுங்கி, தோளில் ஏறாத ஒரு சின்னச் சட்டை. பின்னால் முனுசாமி, ஒரு காலை இழுத்துக்கொண்டு.

யாரும் நகரவில்லை. கடலிலிருந்து வரவேண்டியவர்கள் ரோட்டிலிருந்து வந்தால் மனசுக்குச் சட்டென்று பிடிபடுவதில்லை. பிசாசோ என்று ஒருத்தி பிள்ளையை இழுத்து அணைத்துக்கொண்டாள். மாமியார்தான் முதலில் நடந்தார். போய் மகனுடைய காலைப் பார்த்தார். பாதம் தரையில் பாவியிருக்கிறதா என்று குனிந்து பார்த்தார். பிறகு நிமிர்ந்து அவர் கன்னத்தில் ஓங்கி ஒன்று விட்டார்.

"இன்னாத்துக்கு அடிக்கிற?" என்றார் அவர், கன்னத்தைத் தடவிக்கொண்டு.

பட்டம்மா முனுசாமியைத் திட்டத் தொடங்கினாள். அவருடைய அப்பன், பாட்டன் என்று யாரையும் விடாமல் திட்டினாள். திட்டிக்கொண்டே வந்து என் தோளில் சாய்ந்துகொண்டாள். எனக்கு மட்டும் தாலிக் கயிற்றை விடக் கை வரவில்லை.

செங்கல்பட்டு வழியாக

நடந்தது இதுதான். வாடை பாயைக் கிழித்தது. மரத்தைக் கட்டிய கயிறு ஒன்று அறுந்து ஒரு கட்டை தனியே போயிற்று. மிச்சக் கட்டைகளில் இருவரும் படுத்துப் பிடித்துக்கொண்டார்கள். நீரோட்டம் தெற்கே இழுத்துப்போய் மரக்காணத்துக்கு அந்தப் பக்கம் ஒரு குப்பத்தில் ஒதுக்கியது. அந்த ஊர்க்காரர்கள் தூக்கிப் படுக்கவைத்துக் கஞ்சி ஊற்றினார்கள். கண் திறந்ததும் மீன் லாரியில் ஏற்றி அனுப்பினார்கள். லாரி செங்கல்பட்டில் விட்டது. அங்கிருந்து பஸ்.

இதைச் சொல்ல அவருக்கு ரொம்ப நேரம் பிடிக்கவில்லை. எங்களுக்கு நடந்ததைக் கேட்கத்தான் நேரம் பிடித்தது. மாமியார் சொன்னார், பட்டம்மா சொன்னாள், போகிறவர் வருகிறவர் எல்லாரும் வாசலில் நின்று சொன்னார்கள். பொட்டில்லை, வளையல் இல்லை, பெட்டியை அணைக்க ஆளில்லை. அவர் சோற்றை மென்றுகொண்டே கேட்டார். உள்ளங்கை இரண்டும் கயிறு அறுத்துப் பிளந்திருந்ததால் மாமியார் ஊட்டினார்.

எல்லாரும் போன பிறகு பாயில் சாய்ந்தார். மத்தியான வெயில் ஓலைச் சந்து வழியாக அவர் வயிற்றில் புள்ளி புள்ளியாக விழுந்தது.

"அது கெடக்குது. நீ நல்லா பேசுனியா?" என்றார்.

"தெரியல" என்றேன். வந்ததிலிருந்து நான் அவரிடம் பேசிய முதல் வார்த்தை அதுதான்.

"இன்னாமே தெரியல? ஊரே பாத்துதாமே. இன்னா சொன்னாங்க?"

"யாரும் கேக்கல. அல்லாரும் நெத்தியத்தான் பாத்தாங்க."

அவர் என் பக்கம் திரும்பிப் படுத்தார். "அப்ப நான் கேக்கறேன். சொல்லு" என்றார்.

நான் மாமியாரைப் பார்த்தேன். அவர் மூலையில் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தார். இனி இவள் பேச மாட்டாள் என்று முந்தின நாள் சொன்னவர். தலை நிமிராமல், "கேக்கறான் இல்ல, சொல்லேன்" என்றார்.

தொடங்கினேன். முதலில் குரல் எழும்பவில்லை. பல்லவ ராஜாவின் கப்பல்கள் இந்தத் துறையில் வந்து நின்றதிலிருந்து ஆரம்பித்தேன். பாறையைக் குடைந்த கதைக்கு வந்தேன். தகப்பன் ராஜாவையும் மகன் ராஜாவையும் மாற்றித்தான் சொல்லியிருப்பேன், கையைத் தூக்க வசந்தா இல்லை. ஐந்து தேர்கள் வருவதற்குள் அவர் தூங்கிவிட்டார்.

நிறுத்தலாம் என்று நினைத்தேன். நிறுத்தினால் வீடு அமைதியாகிவிடும், அமைதியில் என்னவெல்லாம் கேட்குமோ என்று பயமாக இருந்தது. பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்து கையை அவர் மூக்குக்குக் கீழே வைத்துக்கொண்டேன். மூச்சு சூடாக விரலில் பட்டது, போனது, மறுபடி பட்டது. அது வரும் இடைவெளியில் எல்லாம் நான் ஒரு கல்லைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தேன்.